புளிப்பு முந்தினால் கிழங்கு வேகாது: ஒரு உருளைக்கிழங்கு கேசரோல் பற்றிய நிகழ்வு ஆய்வு

பின்னணி

அமெரிக்காவின் யூட்டா மாநிலத்தில், சால்ட் லேக் சிட்டிக்குத் தெற்கே உள்ள ஒரு புறநகரில் நடந்தது இது. தெருவில் நெடுநாளாகக் குடியிருந்த ஒரு பெரியவர் குளிர்காலக் கடைசியில் காலமானார். அவர் குடும்பம் மார்மன் என்ற கிறிஸ்தவச் சபையைச் சேர்ந்தது. அந்தச் சபையில் ஒருவர் இறந்தால், அடக்கம் முடிந்து திரும்பும் குடும்பத்துக்கும் உறவுக்காரர்களுக்கும் சபைக் கட்டடத்திலேயே மதியச் சாப்பாடு போடுவது வழக்கம். 1842-ல் தொடங்கப்பட்ட ரிலீஃப் சொசைட்டி என்ற பெண்கள் அமைப்புதான் அதை முன்னின்று நடத்துகிறது. யார் எதைச் சமைத்துக் கொண்டுவருவது என்று ஒரு பட்டியல் போடுவார்கள். ஹாம் ஒருவர், பன் ரொட்டி ஒருவர், சாலட் இரண்டு பேர், ஜெல்லி ஒருவர் என்று பெயர்கள் நிரம்பும். அந்தப் பட்டியலில் தவறாமல் இடம்பெறுவது, கிரீமும் சீஸும் சேர்த்து ஓவனில் வைத்தெடுக்கும் உருளைக்கிழங்கு கேசரோல். ஃப்யூனரல் பொட்டேட்டோஸ், அதாவது இறுதிச் சடங்கு உருளைக்கிழங்கு என்றே அங்கே அதற்குப் பெயர். 2002-ல் சால்ட் லேக் சிட்டியில் குளிர்கால ஒலிம்பிக் நடந்தபோது விற்ற நினைவுச் சட்டைப்பின்களில் ஒன்றில் இந்த உணவின் படமே இருந்தது. ஊருக்கு அது அவ்வளவு நெருக்கம்.

அதே தெருவில் ஒரு தமிழ்க் குடும்பம். கணவன், மனைவி, பள்ளிக்குப் போகும் இரண்டு பிள்ளைகள். தஞ்சாவூர்ப் பக்கத்திலிருந்து மாமியார் வந்து தங்கியிருந்தார். அவர்கள் சபை உறுப்பினர்கள் இல்லை. ஆனாலும் இறந்தவர் வீட்டோடு நல்ல பழக்கம் என்பதால், தானும் ஏதாவது செய்ய முடியுமா என்று அந்தப் பெண் கேட்டார். ஒரு கேசரோல் ட்ரே கொண்டுவந்தால் போதும் என்றார்கள். துக்க வீட்டில் அடுப்பு எரியாது, அக்கம்பக்கம்தான் சாப்பாடு கொடுக்க வேண்டும் என்று வளர்ந்தவருக்கு அதைப் புரிய வைக்க யாரும் தேவைப்படவில்லை. உடனே ஒப்புக்கொண்டார்.

வீட்டில் எல்லோரும் சைவம். செய்முறை எழுதிய ஒரு பழைய அட்டையைப் பக்கத்து வீட்டு அம்மா கொடுத்திருந்தார். அதில் இருந்தது இவ்வளவுதான்: துருவி உறையவைத்த உருளைக்கிழங்கு, அதாவது ஃப்ரோசன் ஹாஷ் பிரவுன், 30 அவுன்ஸ் பை ஒன்று, கெட்டிச் சிக்கன் கிரீம் சூப் டின் இரண்டு, சவர் கிரீம் இரண்டு கப், துருவிய செடார் சீஸ் இரண்டு கப், அரை கப் உருக்கிய வெண்ணெய், மேலே தூவ, வெண்ணெயில் புரட்டி நொறுக்கிய கார்ன்ஃப்ளேக்ஸ் இரண்டு கப். 9-க்கு 13 அங்குல ட்ரேயில் பரப்பி 350 டிகிரி ஃபாரன்ஹீட் ஓவனில் முக்கால் மணி முதல் ஒரு மணி நேரம். பத்துப் பன்னிரண்டு பேருக்கு வரும்.

சனிக்கிழமை காலை 11 மணிக்கு இறுதிச் சடங்கு. அதுவரை செய்து பார்த்திராத பண்டத்தைத் துக்க வீட்டுக்கு நேரடியாகக் கொண்டுபோவது சரியில்லை என்று வியாழக்கிழமை இரவே ஒரு ட்ரே வைத்துப் பார்த்தார். நான் அந்தத் தெருவிலேயே இருப்பவள். அந்த ட்ரே ஓவனை விட்டு வெளியே வந்தபோது அங்கே இருந்தேன். இதை அவருடைய சம்மதத்தோடு எழுதுகிறேன். அடையாளம் காட்டும் விவரங்களை விட்டுவிட்டேன்.

முதல் ட்ரே: என்ன மாற்றினார், என்ன ஆனது

அட்டையில் இருந்ததை அவர் மூன்று இடங்களில் மாற்றினார். சிக்கன் சூப்பை எடுத்துவிட்டு, அதற்குப் பதிலாக இரண்டரை கப் பால் ஊற்றினார். வீட்டில் பக்கத்து மாநிலமான ஐடஹோவின் ரஸட் கிழங்கு ஒரு பெரிய பை இருந்தது. உறைந்த பையைவிடப் புதுக் கிழங்கு நல்லதுதானே என்று 3 பவுண்டு கிழங்கைத் தோல் சீவி, கால் அங்குலக் கனத்தில் வட்டமாக அரிந்து, பச்சையாகவே போட்டார். சீஸை மட்டும் கடையில் துருவியே விற்கும் பையாக வாங்கினார். உறையூட்டும் நொதி விலங்கிலிருந்து எடுத்ததா என்று பார்த்துத்தான் அதைத் தேர்ந்தெடுத்தார். 1990-ல் அமெரிக்க அரசு அனுமதி கொடுத்தபிறகு ரென்னட் என்ற அந்த நொதியை நுண்ணுயிர்களைக் கொண்டு தயாரிப்பது பரவலாகிவிட்டது. இருந்தாலும் பல உறைகளில் ‘நொதிகள்’ என்று மட்டும் போட்டிருக்கும். சைவத்துக்கு ஏற்றது என்று தனியாக எழுதியிருந்த பை அது.

மூன்று மாற்றங்களும் தனித்தனியே பார்த்தால் நியாயமானவை. சேர்ந்து வந்ததால்தான் எது எதைக் கெடுத்தது என்று முதலில் புரியவில்லை.

ஒரு மணி நேரம் கழித்து ட்ரேயை எடுத்தார். மேலே கார்ன்ஃப்ளேக்ஸ் பொன்னிறமாக, பார்க்க அழகாகத்தான் இருந்தது. கரண்டியை உள்ளே விட்டதும் தண்ணீர் எழும்பியது. மேலே மஞ்சள் எண்ணெய் குட்டை குட்டையாக நின்றது. அடியில் மோர் மாதிரி நீர்த்த திரவம். நடுவில் சின்னச் சின்னத் திரிதிரியாக வெள்ளைக் கட்டிகள். கிழங்குத் துண்டில் கத்தி இறங்கியது, ஆனால் வாயில் போட்டால் நடுப்பகுதி நறுக்கென்றது. சில துண்டுகள் வேறு சாம்பல் நிறமாக மாறியிருந்தன. அரிந்து வைத்த கிழங்கு ஒரு போன் அழைப்பு முடியும்வரை காற்றில் கிடந்திருந்தது.

வேகவில்லை என்றால் இன்னும் கொஞ்ச நேரம் வைப்போம் என்று மேலே ஃபாயில் போட்டு இன்னொரு அரை மணி நேரம் வைத்தார். எண்ணெய்க் குட்டை பெரிதானது. கார்ன்ஃப்ளேக்ஸ் ஓரங்களில் கருகியது. கிழங்கின் நடுவில் இருந்த நறுக்கு அப்படியே இருந்தது.

இந்த இடம் முக்கியம். வழக்கமாக இங்கேதான் எல்லோரும் ஓவன் சூட்டைக் கூட்டுவார்கள். அவர் கூட்டவில்லை. ஒன்றரை மணி நேரம் வைத்தும் உருளைக்கிழங்கு வேகவில்லை என்றால் நேரம் காரணமாக இருக்க முடியாது என்று ஓவனை நிறுத்திவிட்டு யோசித்தார். அந்த ஒரு முடிவு இல்லையென்றால் சனிக்கிழமை ட்ரேயும் இதே கதிதான் ஆகியிருக்கும்.

காரணம் தேடியது

கணவருக்கு ஓவன் மேல் சந்தேகம். உள்ளே தனி வெப்பமானி வைத்துப் பார்த்தார்கள். 350-க்கு அருகில்தான் காட்டியது. அடுத்து ஊரின் உயரம். சால்ட் லேக் சிட்டி கடல் மட்டத்திலிருந்து சுமார் 4,200 அடி உயரத்தில் இருக்கிறது. அங்கே தண்ணீர் ஏறக்குறைய 96 டிகிரி செல்சியஸிலேயே கொதித்துவிடும். ஓவனுக்குள் 177 டிகிரி இருந்தாலும், ஈரம் வற்றாதவரை ட்ரேக்குள் இருக்கும் கிழங்கு அந்தக் கொதிநிலையைத் தாண்டாது. ஆகவே வேக்காடு கொஞ்சம் தாமதமாகும் என்பது உண்மை. ஆனால் அதே ஊரில் அதே கிழங்கு அவர் வீட்டுக் குருமாவில் தினமும் வெந்துகொண்டுதானே இருக்கிறது? உயரம் துணைக் காரணமாக இருக்கலாம், முழுக் காரணம் ஆகாது.

மாமியார் அதுவரை பேசாமல் பார்த்துக்கொண்டிருந்தார். சவர் கிரீமை விரலில் தொட்டு நாக்கில் வைத்துப் பார்த்துவிட்டுக் கேட்டார்: “ஏம்மா, இது நல்லாப் புளிக்குதே. புளிய ஊத்திட்டுக் கிழங்கப் போட்டா எப்படி வேகும்? காய் வெந்தப்புறந்தானே நாம புளி ஊத்துவோம்?”

விஷயம் அதுதான். சாம்பாரிலும் புளிக்குழம்பிலும் நம் வீடுகளில் காலங்காலமாகக் கடைப்பிடிக்கும் வரிசை அது. காயின் செல்களை ஒட்டவைத்திருப்பது பெக்டின் என்ற பசை. சூட்டில் அந்தப் பசை கரைந்தால்தான் காய் மெத்தென்று ஆகும். புளிப்பு சேர்ந்தால் அது லேசில் கரையாது. சவர் கிரீமின் அமிலக் குறியீடு (pH) சுமார் 4.5. பெக்டின் பிடிவாதமாக நிற்பதற்குத் தோதான அளவு. இரண்டு கப் சவர் கிரீமில் புதைந்து கிடந்த பச்சைக் கிழங்கு, ஒன்றரை மணி நேரம் ஆகியும் அப்படியே நின்றது அதனால்தான்.

சரி, அப்படியானால் பக்கத்து வீட்டு அம்மாவுக்கு மட்டும் எப்படி வருகிறது? அட்டையில் உள்ள ஹாஷ் பிரவுன் பையில்தான் பதில் இருந்தது. அந்தத் துருவலைத் தொழிற்சாலையிலேயே கொதிநீரில் ஒரு சுற்று வாட்டி, பிறகுதான் உறையவைக்கிறார்கள். உறையும்போது உள்ளே பனித்துகள் உருவாகிச் செல்களையும் கிழித்துவிடுகிறது. வீட்டு ஓவனுக்கு வருவதற்கு முன்பே அது பாதி வெந்த கிழங்கு. அதன்மேல் புளிப்பு ஊற்றினால் கெடுதல் இல்லை. பச்சைக் கிழங்கை அதே இடத்தில் வைத்தபோது, செய்முறைக்குள் யாரும் எழுதாமல் இருந்த ஒரு படி காணாமல் போய்விட்டது.

சந்தேகம் தீர அன்றிரவே ஒரு சோதனை செய்தோம். ஒரே கிழங்கை அரை அங்குலக் கட்டங்களாக வெட்டி இரண்டு சிறிய பாத்திரங்களில் போட்டோம். இரண்டிலும் ஒரே அளவு தண்ணீர், ஒரே அளவு உப்பு. ஒன்றில் மட்டும் இரண்டு மேசைக்கரண்டி வெள்ளை வினிகர். இரண்டும் கொதிக்க ஆரம்பித்து இருபது நிமிடம் ஆனதும் வடித்தோம். வெறும் தண்ணீரில் வெந்தவை கரண்டி பட்டதும் உதிர்ந்தன. வினிகரில் கிடந்தவற்றின் மூலைகள் வெட்டியபோது இருந்த கூர்மையோடு அப்படியே நின்றன. கடித்தால் ட்ரேயில் கேட்ட அதே நறுக்கு. மாமியார் ஒன்றும் சொல்லவில்லை. சோதனை இல்லாமலே அவருக்குத் தெரிந்த விஷயம்.

இன்னொரு சிறு காரணமும் இருந்திருக்க வாய்ப்புண்டு. கிழங்கு 55 முதல் 65 டிகிரி செல்சியஸ் வரையிலான சூட்டை மெதுவாகக் கடந்தால், அதிலுள்ள ஒரு நொதி பெக்டினை மாற்றிவிடும். மாறிய பெக்டின் கால்சியத்தோடு சேர்ந்து இறுகும். அதற்கப்புறம் கொதிக்கவிட்டாலும் பழையபடி இளகாது. ஃபிரிட்ஜிலிருந்து எடுத்த பால், சவர் கிரீம், சீஸ் எல்லாம் ஒரு ஆழமான கண்ணாடி ட்ரேயில் சில்லென்று இருந்தன. அது சூடேறி அந்த வெப்பநிலையைத் தாண்டவே வெகுநேரம் ஆகியிருக்கும். பாலிலும் சீஸிலும் கால்சியத்துக்குப் பஞ்சமில்லை.

கலவை திரிந்ததற்குக் காரணம் வேறு. டின் சூப்பில் இறைச்சிச் சாறு மட்டும் இல்லை. மாவும் ஸ்டார்ச்சும் நிறைய உண்டு. சூட்டில் சவர் கிரீமின் புரதம் ஒன்றோடொன்று ஒட்டித் திரியாமல் தடுப்பது அந்த மாவுதான். சீஸிலிருந்து பிரியும் கொழுப்பைப் பிடித்து நிறுத்துவதும் அதுவே. சூப்பை எடுத்துவிட்டுப் பாலை ஊற்றியபோது மாவும் கூடவே போய்விட்டது. பிடிப்பு இல்லாத இடத்தில் புளிப்பும் சூடும் சேர்ந்தால் பால் திரிவது இயற்கை. போதாததற்கு அவர் வாங்கியது நன்கு முற்றிய செடார். முற்ற முற்றச் சுவை ஏறும், ஆனால் உருகும்போது எண்ணெய் விடும் குணமும் ஏறும். மேலே நின்ற எண்ணெய்க்கு அதுவும் அரை கப் வெண்ணெயும் பொறுப்பு.

சாம்பல் நிறம் எளிய சங்கதி. அரிந்த வாழைக்காய் கறுப்பதும் இதனால்தான்: காற்றுப் பட்டதும் நொதி வேலை செய்கிறது. தண்ணீரில் போட்டு வைத்தால் தாமதமாகும், வேகவைத்துவிட்டால் நொதியே அழிந்துவிடும்.

எடுத்த முடிவுகள்

வெள்ளிக்கிழமை காலை கையில் இரண்டு வழி இருந்தது. ஒன்று, ஃப்ரோசன் பையை வாங்கி, சூப்புக்கு மட்டும் வீட்டிலேயே வெள்ளைச் சாஸ் வைத்துக்கொள்வது. இரண்டு, புதுக் கிழங்கையே முன்கூட்டி வேகவைத்துத் துருவுவது. முதல் வழியில் ஆபத்து குறைவு. அதைத்தான் நான் சொன்னேன். அவர் இரண்டாவதைத் தேர்ந்தெடுத்தார். வெள்ளிக்கிழமை அலுவலகத்துக்கு விடுப்பு எடுத்திருந்தார், கிழங்கும் வீட்டில் இருந்தது, முழுக் கிழங்கை அவித்துத் துருவும் முறைதான் ஃப்ரோசன் பை வருவதற்கு முன் அந்த ஊர் வீடுகளில் இருந்தது என்று பக்கத்து வீட்டு அம்மாவும் சொன்னார். ஆனால் ஒரு ஃப்ரோசன் பையை வாங்கி உறைபெட்டியில் போட்டு வைத்தார், கிழங்கு மறுபடி காலை வாரினால் கைகொடுக்கட்டும் என்று. துக்க வீட்டுக்குப் போகும் பண்டத்தில் இந்த முன்னெச்சரிக்கை அவசியம் என்பது என் எண்ணமும்.

டின்னில் வரும் காளான் கிரீம் சூப்பையும் பார்த்தார். 1934 முதல் அமெரிக்கக் கடைகளில் கிடைக்கும் பழைய சரக்கு அது. பொருள் பட்டியலில் ‘இயற்கைச் சுவையூட்டி’ என்று பொத்தாம்பொதுவாக இருந்ததால் வேண்டாம் என்று வைத்துவிட்டார்.

சவர் கிரீமை இரண்டு கப்பிலிருந்து ஒன்றாகக் குறைத்தார். முழுக்க எடுத்துவிட்டால் அந்த உணவின் அடையாளமே போய்விடும். அந்த லேசான புளிப்புதான் சீஸின் கனத்தை வெட்டுகிறது. எனவே கிழங்கும் வெந்து, சாஸும் காய்ச்சி இறக்கியபிறகு, கடைசியில் சேர்ப்பது என்று முடிவானது. சீஸுக்கு 6 அவுன்ஸ் இளம் செடார், 2 அவுன்ஸ் மான்டரி ஜாக், இரண்டும் கட்டியாக வாங்கி வீட்டில் துருவுவது. பையில் வரும் துருவலில் ஒட்டாமல் இருக்க ஸ்டார்ச்சோ செல்லுலோஸோ தூவியிருப்பார்கள். அது சாஸை மணல் மணலாக்கும். உருக்கிய வெண்ணெய் அரை கப் தேவையில்லை. சாஸுக்கான வெண்ணெயே போதும்.

ருசி விஷயத்தில் வீட்டில் சின்ன விவாதம் நடந்தது. பச்சை மிளகாய் இரண்டு கீறிப் போடச் சொன்னார் மாமியார். கடுகு தாளிக்கலாமா என்று கூடக் கேட்டார். “வேணாம் அத்தை. இது அவங்க வீட்டுச் சாப்பாடு. அவங்களுக்குப் பழகின ருசியிலயே இருக்கட்டும்” என்று அந்தப் பெண் சொல்லிவிட்டார். மாமியாரும் சரியென்று விட்டுவிட்டார். எனக்கு இந்த முடிவு மற்ற எல்லாவற்றையும்விடப் பெரியதாகப் பட்டது. துக்கத்தில் இருப்பவர்களுக்கு வாய் தேடுவது தெரிந்த சுவையைத்தான். புதுமை காட்டும் இடம் அது இல்லை.

வெள்ளிக்கிழமை சமையல்

நடுத்தர அளவு ரஸட் கிழங்கு 3 பவுண்டு. தோலோடு முழுசாக, குளிர்ந்த தண்ணீரில் போட்டு, தாராளமாக உப்புச் சேர்த்து, மெல்லிய கொதியில் வைத்தார். கத்தியை விட்டால் சுலபமாக இறங்க வேண்டும்; நட்டநடுவில் மட்டும் துளி தடை இருக்க வேண்டும். அந்த உயரத்தில் அதற்கு 40 நிமிடம் பிடித்தது. வடித்து, கம்பித் தட்டில் பரப்பி, ஆவி அடங்கியதும் மூடாமல் ஃபிரிட்ஜில் வைத்தார். மாலையில் தோலை உரித்துப் பெரிய துவாரத்தில் துருவினார். குளிர்ந்து இறுகிய கிழங்கு நூல் நூலாக விழுந்தது. சூட்டோடு துருவினால் களியாகிவிடும் என்பதால் இந்தக் காத்திருப்பு வேண்டியிருந்தது.

சாஸுக்கு 60 கிராம் வெண்ணெய். அதில் பொடியாக நறுக்கிய ஒரு வெங்காயம், 200 கிராம் காளான், இரண்டு பல் பூண்டு. காளான் விட்ட தண்ணீர் முழுக்கச் சுண்டி, சட்டியில் சலசலப்பு மாறி எண்ணெய்ச் சத்தம் கேட்கும்வரை வதக்கினார். சிக்கன் சாறு போனதால் குறைந்த சுவையை ஈடுகட்டத்தான் காளான். அதன்மேல் 6 மேசைக்கரண்டி, அதாவது சுமார் 50 கிராம், மைதா. பச்சை வாசனை போக இரண்டு நிமிடம் வறுத்து, வெதுவெதுப்பான முழுப் பால் மூன்று கப்பைக் கொஞ்சம் கொஞ்சமாக ஊற்றிக் கட்டி தட்டாமல் கிளறினார். மாவு முழுசாகக் கெட்டியாவது கொதி வந்தபிறகுதான். ஆகையால் கொப்பளம் வரும்வரை பொறுத்தார். கரண்டியின் முதுகில் சாஸ் படிந்து, விரலால் ஒரு கோடு இழுத்தால் கோடு மூடாமல் நின்றது. மிளகுத்தூள், ஒரு சிட்டிகை கடுகுத்தூள், உப்பு. அந்த ஊர்ச் சீஸ் சாஸிலும் கடுகுத்தூள் உண்டு என்பதால் மாமியாருக்கு அதில் ஒரு திருப்தி.

அடுப்பை அணைத்துச் சட்டியை இறக்கி ஐந்து நிமிடம் ஆறவிட்டார். பிறகு சீஸை ஒவ்வொரு பிடியாகத் தூவி, ஒரு பிடி உருகியபின் அடுத்த பிடி. கடைசியாக, ஃபிரிட்ஜிலிருந்து முன்பே எடுத்து வைத்திருந்த சவர் கிரீமில் இரண்டு கரண்டி சூடான சாஸைக் கலந்து பழக்கி, அதைச் சட்டியில் சேர்த்தார். திரிதிரியே இல்லை. கூழ் மாதிரி வழுவழுவென்று, பளபளப்போடு இருந்தது. துருவிய கிழங்கை அதில் போட்டுப் பிரட்டி, இந்த முறை கண்ணாடிக்குப் பதில் ஃபாயில் ட்ரேயில் பரப்பினார். குளிர்ந்த கண்ணாடியைச் சூடான ஓவனில் வைத்தால் விரிசல் விட்டு உடையும் அபாயம் உண்டு. ட்ரே மெலிது என்பதால் அடியில் ஒரு இரும்புத் தட்டு. மேலே கார்ன்ஃப்ளேக்ஸ் தூவாமல், மூடி, ஃபிரிட்ஜில் வைத்தார்.

சனிக்கிழமை

காலை 9 மணிக்கு ஓவனைச் சூடேற்றி, ஃபாயில் மூடிய ட்ரேயை 350 டிகிரியில் 50 நிமிடம் வைத்தார். பிறகு ஃபாயிலை எடுத்து, 4 மேசைக்கரண்டி வெண்ணெயில் புரட்டிய கார்ன்ஃப்ளேக்ஸைத் தூவி, மேலும் 25 நிமிடம். நடுவில் வெப்பமானி 170 டிகிரி ஃபாரன்ஹீட் காட்டியது. ஓரங்களில் கொப்பளித்தது, எண்ணெய் பிரியவில்லை. ஒரு மூலையில் ஸ்பூன் விட்டுப் பார்த்தோம். கிழங்கு வாயில் வைத்ததும் கரைந்தது, அதே நேரம் நூல் நூலாகத் தெரிந்தது. ஃப்ரோசன் பைக்கு வேலை வரவில்லை.

சபைக் கட்டடத்தின் சமையலறை சூடாக்கிப் பரிமாறத்தான், சமைக்க இல்லை. அதனால் எல்லோரும் வெந்த ட்ரேயாகவே கொண்டுவந்திருந்தார்கள். இவருடையதோடு சேர்த்து நான்கு கேசரோல். இவர் ட்ரேயின் முன்னால், இறைச்சி சேர்க்கவில்லை, காளானும் பாலும் கோதுமையும் உண்டு என்று ஒரு சிறிய அட்டை எழுதி வைத்தார். ட்ரேக்களை மூடி 200 டிகிரி ஃபாரன்ஹீட் ஓவனில் வைத்தார்கள். சமைத்த பண்டம் 140 டிகிரி ஃபாரன்ஹீட்டுக்குக் கீழே இறங்கி இரண்டு மணி நேரத்துக்கு மேல் இருக்கக் கூடாது என்பது அமெரிக்க வேளாண் துறையின் விதி. அங்கிருந்த பெண்கள் அதை மனப்பாடமாக வைத்திருந்தார்கள்.

ஒரு மணிக்குப் பந்தி என்று சொல்லியிருந்தார்கள். இடுகாட்டுப் பாதையில் பனி கிடந்ததால் குடும்பம் வந்து சேர இரண்டு மணி நெருங்கிவிட்டது. இரண்டரை மணி நேரத்துக்கும் மேல் மூடிக் கிடந்ததில் கார்ன்ஃப்ளேக்ஸ் நமத்துப் போனது. ஓரங்கள் காய்ந்தன. உள்பகுதி மட்டும் திரியாமல், எண்ணெய் விடாமல், கிரீமாகவே இருந்தது. மாவு போட்ட சாஸின் பலன் அங்கேதான் தெரிந்தது. உப்பு ஒரு சிட்டிகை குறைவு. இரண்டு மூன்று பிள்ளைகள் காளான் துண்டுகளைத் தட்டின் ஓரத்தில் ஒதுக்கி வைத்ததைப் பார்த்தோம். ட்ரேயில் கடைசியில் மிஞ்சியது ஒரு மூலை. வெளியூரிலிருந்து வந்திருந்த பேத்தி ஒருத்தி சைவமாம். தாத்தா வீட்டுச் சாப்பாட்டில் அந்த ஒன்றைத்தான் தன்னால் முதன்முறையாகச் சாப்பிட முடிந்தது என்று சொல்லி, செய்முறையைக் கேட்டு வாங்கிப் போனாள்.

இனி மாற்ற வேண்டியவை

அடுத்த முறைக்கென்று அவர் அட்டையின் பின்பக்கம் எழுதி வைத்ததையும், நான் சேர்க்க விரும்புவதையும் இங்கே தருகிறேன்.

உப்பு: சாஸ் தனியாக இருக்கும்போது ருசி பார்த்ததில் சரியாக இருந்தது. 3 பவுண்டு கிழங்கு சேர்ந்ததும் அது மங்கிவிட்டது. தோலோடு முழுசாக அவித்ததால் தண்ணீரில் போட்ட உப்பு உள்ளே அதிகம் ஏறவும் இல்லை. கிழங்கைக் கலந்தபின் ஒருமுறை ருசி பார்த்துத்தான் உப்பை முடிவு செய்ய வேண்டும். எல்லாம் வெந்த பொருள் என்பதால் தயங்காமல் வாயில் வைத்துப் பார்க்கலாம்.

முந்தைய இரவே கலந்து வைத்தால் கிழங்கின் ஸ்டார்ச் சாஸை உறிஞ்சிக்கொள்ளும். ஓரங்கள் காய்ந்ததில் இதற்கும் பங்குண்டு. ஆகவே பால் அரை கப் கூடுதலாக விட்டு, சாஸைக் கொஞ்சம் தளர்வாக வைக்க வேண்டும். காளானை மிக்ஸியில் ஒரு சுற்றுச் சுற்றிப் பொடியாக்கிவிட்டால் சுவை கிடைக்கும், பிள்ளைகள் ஒதுக்கவும் மாட்டார்கள்.

கார்ன்ஃப்ளேக்ஸை ஓவனில் வைப்பதையே அவர் விட்டுவிடப் போகிறார். வாணலியில் வெண்ணெய் விட்டு மொறுமொறுவென்று வறுத்து, காற்றுப் புகாத டப்பாவில் தனியாகக் கொண்டுபோய், பந்தி தொடங்கும்போது தூவுவது. பந்தி எத்தனை மணிக்கு என்பது சமைப்பவர் கையில் இல்லாத இடங்களில் இதுதான் வழி.

நேரம் இல்லாதவர்கள் தயங்காமல் ஃப்ரோசன் ஹாஷ் பிரவுன் பையை வாங்கலாம். புதுக் கிழங்கு ட்ரேயும் பக்கத்து வீட்டு அம்மாவின் ட்ரேயும் இரண்டையும் சாப்பிட்டுப் பார்த்தேன். இழையில் வித்தியாசம் உண்டு, ருசியில் பெரிதாக இல்லை. பையைக் குளிர்பெட்டியில் வைத்து முழுதாக உருகவிட்டு, துணியில் பிழிந்து நீரை எடுத்துவிட்டால் போதும். டின் சூப்பை எடுத்துவிட்டு வேறு எதை ஊற்றினாலும், அதில் மாவோ ஸ்டார்ச்சோ இருக்கிறதா என்று மட்டும் பார்த்துக்கொள்ள வேண்டும். சவர் கிரீம் கிடைக்காத ஊரில் கெட்டித் தயிரைத் துணியில் வடிகட்டிப் பயன்படுத்தலாம். அதற்கும் இதே வரிசைதான்: கிழங்கு வெந்திருக்க வேண்டும், சாஸ் அடுப்பிலிருந்து இறங்கியிருக்க வேண்டும், அப்புறம் தயிர். தயிரில் கொழுப்பு குறைவு என்பதால் இன்னும் சுலபமாகத் திரியும். மாவை ஒரு கரண்டி கூட்டிக்கொள்வது நல்லது.

மிஞ்சிய கேசரோலைக் குளிர்பெட்டியில் மூன்று நான்கு நாள் வைக்கலாம். மறுபடி சூடாக்கும்போது இரண்டு கரண்டி பால் தெளித்து, மூடி, ஓவனில் உள்சூட்டை 165 டிகிரி ஃபாரன்ஹீட்டுக்குக் கொண்டுவந்தால் சாஸ் பழைய பதத்துக்கு வருகிறது. மைக்ரோவேவில் முழு வேகத்தில் வைத்தபோது ஓரங்களில் எண்ணெய் பிரிந்தது. பாதி வேகத்தில், நடுவில் ஒருமுறை கிளறிவிட்டு வைத்தபோது பிரியவில்லை.